மின்தூக்கி மாமி

அக்காவின் மீசை கண்மையால் வரைந்தது. சிங்கப்பூரின் புக்கிட் பாஞ்சாங்கில் எங்கள் அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளத்தில், லிஃப்ட் வாசலில் நின்று கைப்பேசியைக் கண்ணாடியாக்கி அவள் அதை வரைந்துகொண்ட சாயங்காலங்கள் இன்னும் கண்ணில் நிற்கின்றன. வியர்வையில் மீசை ஒரு பக்கம் வழியும். துடைக்க விடமாட்டாள்.

யாரும் கேட்காமல் நாங்களாக எடுத்து இணையத்தில் போட்ட நகைச்சுவை வீடியோக்கள் அவை. எடுப்பது நான், நடிப்பது முழுக்க அவள். பள்ளியில் வாய்மொழித் தேர்வுக்கு மட்டும் நாங்கள் பேசிய தமிழை, கடைத்தெரு வரைக்கும் பேசித் திரிகிற ஒரு மாமிதான் கதாநாயகி. சேலைத் தலைப்பால் மீசையை மூடிக்கொண்டு, "ஐயா, மின்தூக்கி எந்தத் தளத்தில் நிற்கிறது?" என்று மாமி கேட்பாள். தலைப்பை உதறியதும் அவளே பக்கத்து வீட்டு அங்கிள்: "மின்தூக்கியா? லிஃப்ட் ரோசாக் லா, மாமி! படியில ஏறுங்க!" எது கெட்டுப்போனாலும் எங்களுக்கு அது ரோசாக்தான்.

எனக்குச் சிரிப்புப் பொத்துக்கொண்டு வரும், படம் ஆடும். "ஏய், சிரிக்காத லா! வெளிச்சம் போயிட்டிருக்கு!" என்று கத்திவிட்டு அவளும் சிரிப்பாள். அப்படி ஆடிப்போன ஒரு வீடியோதான் ஊரெல்லாம் சுற்றியது.

பிறகு சென்னை கூப்பிட்டது. முதல் மேடையில் ரோசாக் என்றதும் கூட்டம் புரியாமல் விழித்ததாம். அன்றே அந்தச் சொல்லை எடுத்துவிட்டாள். அடுத்தது, எங்கள் பேச்சின் வாலில் எப்போதும் ஒட்டிக்கொண்டிருக்கும் லா. பிழைப்பு என்றால் அப்படித்தான். அவளைக் குறை சொல்ல எனக்கு வாய் வராது. ஆனால் தொலைபேசியில் என்னிடமும் அந்தச் சென்னைத் தமிழே வர ஆரம்பித்தது. மேடைக்காகக் கழற்றி வைத்ததை என்னிடம் பேசும்போதாவது திரும்ப எடுத்துக்கொள்ள மாட்டாளா என்று ஏங்கினேன். இன்றும் ஏங்குகிறேன்.

போன மாதம் ஒரு நிகழ்ச்சிக்காக இங்கே வந்தாள். மறுநாள் இருவரும் ஃபேரர் பார்க்கில் சாப்பிடப் போனோம். "ஒரு பிளாக் டீ, சர்க்கரை இல்லாம," என்றாள். இங்கே யாரும் அப்படிக் கேட்பதில்லை. தே ஓ கொசோங் என்றால் முடிந்தது. கடைக்காரர் பரிவோடு கேட்டார்: "ஊர்லேருந்து வந்திருக்கீங்களாம்மா? சிங்கப்பூர் சுத்திப் பாத்தாச்சா?"

எனக்குச் சிரிப்பு முட்டியது. பழைய அக்காவுக்கு இது ஒன்று போதும், அங்கேயே ஒரு கச்சேரி நடத்தியிருப்பாள். தொடங்கட்டும் என்று அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"பாத்தாச்சுண்ணா," என்றாள். "நல்ல ஊரு."