பின் நங்கூரம் ஆர்வில்

“பசிபிக் பெருங்கடல் முழுக்கக் கேட்டுப் பாரு. ஆர்வில் டெட்மர் போட்ட பின் நங்கூரம் ஒரு தடவைகூடத் தப்பினதில்ல.”

பசிபிக் பெருங்கடலைக் கேட்டுப் பார்க்க எங்கள் ஊரில் யாருக்கும் வசதி இல்லை. ஒஹாயோ ஆற்றங்கரையில், சோள வயல்களுக்கு நடுவே கிடக்கும் ஊர். ஆகவே ஆர்வில் தன் பெட்ரோல் பங்கில் கார் கண்ணாடி துடைத்துக்கொண்டே சொன்னதெல்லாம் வரலாறாக நிலைத்துவிட்டது.

இரண்டாம் உலகப் போரில் அவர் போன கப்பலை எங்கள் ஆற்றங்கரையில்தான் கட்டினார்கள். டாங்கிகளைச் சுமந்துபோய், நேராகக் கரையில் முட்டி, மூஞ்சியைக் கதவாகத் திறந்து இறக்கிவிடும் ரகம். கடற்படை அதற்கு ஒரு பெயர்கூட வைக்கவில்லை, வெறும் எண். அதன் வீர வரலாறு சுருக்கமானது. ஒரு விடியற்காலையில் வெள்ளி கிரகத்தை எதிரி விமானம் என்று நினைத்து வெகுநேரம் சுட்டது. கிரகத்துக்குச் சேதம் இல்லை. பல தீவுகளில் டாங்கிகளை ஒழுங்காக இறக்கியது. பிலிப்பைன்ஸில் ஒரு கரையில் குறுக்கே விழுந்து, கடற்படையே வேடிக்கை பார்க்கக் கிடந்தது.

இந்தக் கடைசிப் பெருமைக்கு ஊர் கண்டுபிடித்த காரணம் எம்மெட் ஹாக். அன்று சுக்கான் பிடித்தவர் அவர், அவரும் எங்கள் ஊர்க்காரர்.

இந்த வகைக் கப்பலுக்கு ஒரு முறை உண்டு. கரையை முட்டுவதற்கு வெகு முன்பே பின்பக்கத்து நங்கூரத்தைப் போட்டுவிட வேண்டும். போட்டுவிட்டு அதன் கம்பி வடத்தை விட்டுக்கொண்டே கரைக்குப் போக வேண்டும். கப்பலின் வாலை அலை திருப்பிவிடாமல் பிடித்துக்கொள்வது அந்த வடம்தான். திரும்பும்போது அதைச் சுருட்டித்தான் கப்பல் தன்னைத் தானே கடலுக்குள் இழுத்துக்கொள்ளும்.

அன்று அலை வாலைத் திருப்பிவிட்டது. “எம்மெட் கோணலா வந்தான், வடம் பிடிக்கல,” என்றார் ஆர்வில். நங்கூரம் தண்ணீரில் கிடந்ததை எல்லோரும் பார்த்தார்கள். யாரும் சந்தேகப்படவில்லை. எம்மெட்டைச் சுக்கானிலிருந்து இறக்கி, போர் முடியும்வரை உருளைக்கிழங்கு உரிக்க வைத்தார்கள்.

உண்மை வேறு. பக்கத்துப் பெரிய கப்பல் ஒன்று தயவு பண்ணி ஒரு வாளி ஐஸ்கிரீம் கொடுத்திருந்தது. பல மாதங்களுக்குப் பிறகு முதல் ஐஸ்கிரீம், அதுவும் உருகிக்கொண்டிருந்தது. பின் நங்கூரத்துக்குக் காவலாக நின்ற ஆர்வில் காதிலிருந்த டெலிபோனைக் கழற்றி வைத்துவிட்டுச் சமையலறைக்குப் போனார். “நங்கூரம் போடு” என்ற உத்தரவு ஆளில்லாத டெலிபோனுக்கு வந்தது. வாயைத் துடைத்தபடி ஓடிவந்து போட்டபோது கரை கிட்ட வந்துவிட்டது. நங்கூரம் கப்பலின் காலடியில் விழுந்தது.

எம்மெட் ஊர் திரும்பி, பள்ளிக்கூட பஸ் ஓட்டும் வேலை கேட்டார். பள்ளி நிர்வாகக் குழுவில் ஒருவர், “பிள்ளைங்க பள்ளிக்கூடத்துக்குப் போகணும், சோளக் கொல்லைக்கு இல்ல,” என்றார். கூட்டம் சிரித்தது. ஆர்வில் கொஞ்சம் சத்தமாகவே சிரித்தார். கோணல் எம்மெட் அதன் பிறகு இருபது வருடமாக இரும்புக் கடையில் ஆணி நிறுத்துக் கொடுத்தார்.

ஆர்விலும் நிம்மதியாக இல்லை என்பதைப் பதிவு செய்ய வேண்டும். ஆணி தேவைப்பட்டால் பக்கத்து ஊருக்குப் போய் வாங்கினார்.

ஒவ்வொரு ஜூலை நாலாம் தேதியும், சுதந்திர தினத்துக்கு, பழைய மாலுமிகள் ஒரு தட்டைப் படகில் ஏறி, ஊர் பார்க்கக் கரையிறங்கும் நாடகம் நடத்துவார்கள். கூட்டம் ஹாட் டாகும் கையுமாகக் காத்திருக்கும். முன்னால் நின்று உத்தரவு போடுவது பழைய துணைக் கேப்டன் வில்லர்ட் க்ரோ, இப்போது பல் டாக்டர். பின்னால் நங்கூரத்தோடு ஆர்வில். ஒரு வருடம் சுக்கான்காரருக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது.

“நான் ஓட்டட்டுமா?” என்றார் எம்மெட்.

“டேய், எதிர்ப்பக்கம் கென்டக்கிக் கரையில கொண்டு சொருகிடாத,” என்றார் வில்லர்ட். “அந்த ஊர்ப் பல்லை எல்லாம் நான் பாக்க முடியாது.”

எல்லோரும் சிரித்தார்கள். ஆனால் வேறு ஆள் இல்லை. எம்மெட் சுக்கான் சக்கரத்தைப் பிடிக்குமுன் பின்பக்கம் வந்தார்.

“ஆர்வில், நீ இருக்கேல்ல, அது போதும்ப்பா. அன்னைக்கு என் கை எந்த இடத்துல தவறிச்சுன்னு இன்னும் யோசிக்கிறேன். நேராத்தான் பிடிச்ச மாதிரி இருந்துச்சு. இன்னைக்காவது சரியா வந்துட்டா, அந்தப் பேரு போயிரும்.”

“போ, போய்ப் பிடி,” என்றார் ஆர்வில்.

படகு கிளம்பியது. எம்மெட் பிடித்த பிடியில் நூல் போட்ட மாதிரி கரையைப் பார்த்துப் போனது. நடு ஆற்றில் வில்லர்ட் கையைத் தூக்கினார்.

“பின் நங்கூரம் போடு.”

ஆர்வில் போடவில்லை. எம்மெட் நேராக ஓட்டுவதைப் பார்த்துக்கொண்டே நின்றார். கரை கிட்ட வந்ததும், மெதுவாக நங்கூரத்தைத் தண்ணீரில் இறக்கினார். படகு மணலில் முட்டியது. ஆற்று வேகம் அதன் வாலைப் பிடித்துத் தள்ள, குறுக்கே சாய்ந்து நின்றது.

“கோணல் எம்மெட்,” என்று கரையில் யாரோ ஆரம்பித்தார்கள். எம்மெட் சக்கரத்தைப் பிடித்த கைகளையே பார்த்துக்கொண்டு நின்றார்.

வில்லர்ட் பின்பக்கம் வந்து, ஆர்வில் காலடியில் சுருண்டு கிடந்த வடத்தைப் பார்த்தார்.

“இங்கயா போடுறது, ஆர்வில்?”

“அன்னைக்கும் இங்கதான் சார் போட்டேன்,” என்றார் ஆர்வில்.