அவள் ஒட்டிய இரும்பு

என் மனைவி விக்னேஸ்வரி பாதி நேரம் இந்த உலகத்தில் இருப்பதில்லை. தேநீர் கலக்கிக்கொண்டிருப்பவளிடம் சீனி போட்டாயா என்று கேட்டால் திரும்பிப் பார்த்துச் சிரிப்பாள். குடித்துப் பார்த்தால்தான் தெரியும். சில நாள் இரண்டு தடவை போட்டிருப்பாள், ஒரு நாள் உப்பே போட்டிருந்தாள். எங்கள் மலையூர் ரிங்லெட் கடைத்தெருவில் பின்னாலிருந்து கூப்பிட்டால் அவள் காதில் விழுவதற்குள் தொண்டை வறண்டுவிடும். இப்படிப்பட்டவளை நம்பித்தான் சுற்றுவட்டாரத்துக் காய்கறித் தோட்டக்காரர்கள் உடைந்த டிராக்டரையும் லோரியையும் கொண்டுவந்து நிறுத்துகிறார்கள்.

கடைத்தெருவின் கடைசியில் தகரக் கூரை போட்ட வெல்டிங் பட்டறை அவளுடையது. கறுப்புக் கண்ணாடி வைத்த முகமூடி இறங்கிவிட்டால் அவள் வேறு ஆள். அப்போது கூப்பிட்டாலும் கேட்காதுதான், ஆனால் அது வேறு மாதிரியான கேட்காமை.

அவளுடைய அப்பாவும் அம்மாவும் தேயிலைத் தோட்டத்தில் வேலை செய்தவர்கள். அவள் சிறு பிள்ளையாக இருந்தபோது, தொழிற்சாலையில் தேயிலை உலர்த்தும் இயந்திரத்தின் கால் உடைந்து, யாரோ வந்து வெல்டிங் வைத்து ஒட்டினார்கள். பார்க்காதே என்று கணக்கெழுதும் கிராணி விரட்டியும் பார்த்துவிட்டாள். கண் இரண்டும் வீங்கிப்போய், ஈரத் தேயிலைச் சக்கையை மேலே கட்டிக்கொண்டு படுத்துக் கிடந்தாளாம். வேறு பிள்ளையாக இருந்தால் அதற்குப் பிறகு அந்தத் திசைக்கே போயிருக்காது. இவள் கட்டை அவிழ்த்ததும் கேட்டது, அந்த நீல வெளிச்சம் இன்னும் அங்கே இருக்கிறதா என்றுதான். பள்ளி முடித்ததும் தொழிற்பயிற்சி நிலையத்தில் சேர்ந்து, ஆண்பிள்ளைகளுக்கு நடுவே ஒரே பெண்ணாக நின்று இந்த வேலையைப் படித்தாள்.

எங்கள் ஊர் ஈரம் எதையும் விடாது. வெல்டிங் கம்பியின் மேற்பூச்சு ஈரம் குடித்துவிட்டால் ஒட்டு பொத்தலாகிவிடும். அதற்காக வீட்டு ரைஸ் குக்கரைச் சூட்டிலேயே வைத்து, கம்பிகளை அதற்குள் போட்டு வைப்பாள். கல்யாணமான புதிதில் ஒரு நாள் பசியோடு வந்து மூடியைத் திறந்தேன். உள்ளே ஒரு கட்டு இரும்புக் கம்பி கதகதவென்று இருந்தது. சோறு எங்கே என்று கேட்டேன். சோறா என்று என்னைத் திருப்பிக் கேட்டாள்.

ஆனாலும் பனி இறங்கும் நாட்களில் அந்தப் பட்டறைக்கு எதிரே போய் நிற்க வேண்டும். வெளிச்சம் அவள் கையோடு நிற்காது. பனி அதை வாங்கிச் சாலை முழுக்கப் பரப்பிவிடும். எதிர்ச் சரக்குக் கடை, மாரியம்மன் கோயில் கோபுரம், மேலே தேயிலைச் சரிவு எல்லாம் நீலத்தில் மிதந்து, அணைந்து, மறுபடி மிதக்கும். நான் காய்கறி ஏற்றும் என் லோரியை ஓரம் கட்டிவிட்டு, பார்வையைத் தரையில் வைத்துக்கொண்டு அந்த நீலத்துக்குள் நிற்பேன். கட்டியவளிடம் இதையெல்லாம் சொன்னால் தலைக்கனம் ஏறிவிடும் என்று சொன்னதில்லை.

அவளுக்கு ஒரு வியாதி உண்டு. எதையும் தேவைக்கு மேல் பலமாகச் செய்வாள். கோழிக்கூண்டுக்குக் கதவு கேட்டால் சிறைக்கதவு செய்து தருவாள். என் லோரியில் ஸ்டீயரிங் பக்கத்து முன்பலகை கடகடவென்று ஆடுகிறது என்று ஒரு தடவை சொன்னேன். ஒரு திருகாணியில் தீர்ந்திருக்கும். அவள் ஒரு கனத்த இரும்புக் குழாயை எடுத்து, முன்பலகைக்கு அடியில் இந்தக் கதவிலிருந்து அந்தக் கதவு வரைக்கும் குறுக்கே வைத்து ஒட்டிவிட்டாள்.

"லோரி செத்தாலும் இது சாவாது போலயே," என்றேன்.

"அப்படித்தான் இருக்கணும்," என்றாள்.

அடைமழைக் காலத்தில் ஒரு சனிக்கிழமைக் காலை. லெம்பா பெர்த்தாம் பள்ளத்தாக்கில் முட்டைக்கோஸ் ஏற்றிக்கொண்டு மேலே வந்துகொண்டிருந்தேன். பக்கத்தில் என் கெலிண்டான் புனிதன், ஏற்றி இறக்க உதவிக்கு வருபவன். வளைவில் சரிந்து கிடந்த மண்ணைப் பனியில் நான் பார்க்கவில்லை. லோரி வழுக்கி, மூக்கை மலைச்சுவரில் மோதி நின்றது. புனிதன் சிராய்ப்போடு இறங்கிவிட்டான். என் பக்கம் எஞ்சின் உள்ளே வந்து, முன்பலகை நொறுங்கிவிட்டது. அந்தக் குழாய் மட்டும் நொறுங்கவில்லை. அப்படியே கீழே இறங்கி, என் இடது காலை முட்டிக்குக் கீழே இருக்கையோடு வைத்து அழுத்திக்கொண்டது.

புனிதன் தன் இடுப்பு வாரைக் கழற்றித் தொடையில் இறுக்கினான். இரத்தம் குறைந்தது, நிற்கவில்லை. பாதம் என்னிடம் இருக்கிறதா என்பதே எனக்குத் தெரியவில்லை. அவன் தீயணைப்புப் படைக்குப் போன் செய்துவிட்டுத் திரும்பினான்.

"அண்ணே, பொம்பா கெளம்பிட்டாங்களாம். ஆனா மேல ஒரே ஜாம். சனிக்கெழமலா, ஸ்ட்ராபெரி பாக்க வந்த காருங்க ரோட்ட அடைச்சிட்டு நிக்குது."

"விக்னாவக் கூட்டிட்டு வா," என்றேன். அதைச் சொல்லும்போதுதான் பயம் வந்தது. கால் போய்விடும் என்று பயந்தேன். ஆள் போய்விடுவேனோ என்றும் பயந்தேன்.

தோட்டக்காரர் ஒருவரின் பிக்கப்பில் கேஸ் தோங், ஆக்சிஜன் தோங் என்று இரண்டு சிலிண்டரையும் ஏற்றிக்கொண்டு தோட்டத்து மண்பாதை வழியாக வந்து இறங்கினாள். முதலில் என்னைப் பார்க்கவில்லை. குழாயைத்தான் பார்த்தாள். தன் கைவேலை அவளுக்குத் தெரியாதா?

"இது நான் வச்சது."

"ஆமா. நல்லாத்தான் வச்சிருக்க."

"பேசாதீங்க." ஒட்டைத் தொட்டுப் பார்த்தாள். "இங்க கரண்டு இல்ல, கிரைண்டர் ஓடாது. ஆக்சிஜன்லதான் வெட்டணும். இரும்பு சூடாகும். கால் பக்கத்துலயே இருக்கு."

எனக்குத் தெரியும். முதலில் நெருப்பைக் காட்டி இரும்பைச் சிவக்க வைப்பார்கள். சிவந்ததும் ஆக்சிஜனைத் திறந்தால் இரும்பே பிடித்து எரிந்து, பொறியாகப் பறந்துபோகும். அவசரப்பட்டால் வெட்டாது. அந்த இரும்பு சிவக்கும் வரைக்கும் அதற்கு அடியில் என் கால் இருக்க வேண்டும்.

கசிந்த டீசல் மீது மண்ணை அள்ளிப் போடச் சொன்னாள். பிறகு என் சரக்கையே கேட்டாள்.

"புனிதா, கோபிஸ் இலையெல்லாம் பிச்சு, தண்ணியில முக்கி எடுத்துட்டு வா."

குழாய்க்கும் காலுக்கும் நடுவே ஈர இலைகளை ஒன்றன்மேல் ஒன்றாகத் திணித்தாள். வெந்துபோன இலையை உருவி, புதிய இலையை வைத்துத் தண்ணீர் ஊற்றிக்கொண்டே இருப்பது புனிதன் வேலை. என் தலையில் ஈரச் சாக்கைப் போடும் முன் குனிந்து என் முகத்தைப் பார்த்தாள்.

"சுடும். கத்தாதீங்க. நீங்க கத்துனா என் கை ஆடிரும்."

சாக்குக்குள் உலகம் சிறியதாகிவிட்டது. கோணி நூலின் இடைவெளி ஒவ்வொன்றிலும் ஒரு துளி ஆரஞ்சு வெளிச்சம். நெருப்பின் இரைச்சல் தகரக் கூரையில் விழும் மழையாகக் கேட்டது. முட்டைக்கோஸ் வேகும் வாசனை வந்தது. யார் வீட்டிலோ சமைக்கிறார்கள், சாப்பிடக் கூப்பிடுவார்கள் என்று நினைத்தேன். சூடு காலில் ஏறியபோது பல்லைக் கடித்தேன். கடித்துக்கொண்டே இருந்தேன். பிறகு அந்தக் கால் யாருடையதோ ஆகிவிட்டது. நான் தேயிலை நிரைகளுக்கு நடுவே நடந்துகொண்டிருந்தேன். செடிகள் இடுப்பளவு, அதற்கு மேல் பனி. என் கை எங்கே இருக்கிறது என்று தெரியவில்லை, தேடவும் தோன்றவில்லை. அவ்வளவு சுகமாக இருந்தது. போய்க்கொண்டே இருக்கலாம் என்று இருந்தது.

சாக்கு விலகியதும் பகல் கண்ணைக் குத்தியது. குழாய் இரண்டு துண்டாகி, முனையில் இன்னும் சிவந்திருந்தது. புகையும் கரியும் படிந்த முகத்தோடு விக்னா என்னைப் பார்த்தாள். நான் கண்ணைச் சிமிட்டினேன். அவள் அப்படியே சேற்றில் உட்கார்ந்து, வாய்விட்டு அழ ஆரம்பித்தாள். பொம்பா ஆட்கள் வந்து என்னைத் தூக்கும்போதும் அழுதுகொண்டிருந்தாள். வேலைக் களைப்பு என்று நினைத்துக்கொண்டேன்.

ஈப்போ மருத்துவமனையில் காலைக் காப்பாற்றிக் கொடுத்துவிட்டார்கள். கொஞ்சம் சாய்ந்து நடக்கிறேன். முட்டிக்குக் கீழே விரல் நீளத்துக்கு ஒரு தீத்தழும்பு இருக்கிறது. வீடு திரும்பிய பிறகு அதற்குத் தினமும் மருந்து போட்டது அவள்தான். வருகிறவர்களிடமெல்லாம் நான் பெருமை அடித்துக்கொண்டேன்: அவ்வளவு சூட்டிலும் ஒரு சத்தம் போட்டேனா, கேளுங்கள் என் பெண்டாட்டியை. அவள் எழுந்து உள்ளே போய்விடுவாள்.

ஒரு நாள் மருந்து போட்டுக்கொண்டே, தலையை நிமிர்த்தாமல் சொன்னாள்.

"பாதி வெட்டும்போது உங்க கை தொங்கிருச்சு. சாக்குக்குள்ள ஒரு அசைவும் இல்ல. போயிட்டீங்கன்னு நெனச்சேன்."

"புனிதனப் பாக்கச் சொல்லியிருக்கலாமே," என்றேன்.

"பாத்துட்டு அவன் ஆமான்னு சொல்லிட்டா? கை ஆடிரும்லா." மருந்து மூடியைத் திருகினாள். "நான் வச்ச இரும்பு. உங்கள அதுக்கடியில விட்டுட்டு வர முடியாது. பொணமா இருந்தாலும் எடுத்துரணும்னுதான் வெட்டுனேன்."

எழுந்து அடுப்படிக்குப் போனாள். எவ்வளவு நேரம் அப்படி நினைத்துக்கொண்டு வெட்டினாள் என்று நான் கேட்கவில்லை. அதற்குப் பிறகு யாரிடமும் அந்தப் பெருமையை அடித்ததும் இல்லை. நான் கொஞ்சம் கத்தியிருக்கலாம்.