அச்சோல் சொன்ன ‘போறன்’

அச்சோல் தெற்கு சூடானில் பிறந்து மெல்பேர்னில் வளர்ந்த நடிகை. நடிகை என்றதும் காரையும் பங்களாவையும் கற்பனை பண்ணிவிடாதீர்கள். வார நாளில் முதியோர் இல்லத்தில் வேலை, சனி ஞாயிறில் படப்பிடிப்பு. ஆரம்பத்தில் அவளுக்குக் கிடைத்ததெல்லாம் அழுகிற அகதி, அடிவாங்குகிற மனைவி, குற்றவாளிக் கூண்டில் நிற்பவனின் தாய். அழுது அழுது அலுத்துப்போனது. இனி நியாயம் கேட்கிற பெண்ணாக மட்டும்தான் நடிப்பேன் என்று ஏஜென்டிடம் சொன்னாள். அவர் கைகழுவிவிட்டார். போனால் போகட்டும் என்று சின்னச் சின்னப் படங்களாகத் தேடிப் பிடித்தாள். பள்ளியில் மகனை ஒதுக்கியதைத் தட்டிக் கேட்கும் தாய், வேலையில் காயம்பட்டவனுக்காக வாதாடும் தொழிலாளி. நெஞ்சழுத்தக்காரி.

தாட்சாயினி எடுத்த குறும்படமும் அப்படித்தான் அமைந்தது. மெல்பேர்னின் மல்கிரேவில் ஓர் ஈழத்தமிழ் வீடு. துப்புரவுக்கு வருகிற பெண்மேல் சங்கிலி திருடியதாகப் பழி விழுகிறது. பிறகு சங்கிலி கட்டிலுக்கடியில் கிடைக்கிறது. வீட்டுக்காரர் மன்னிப்புக் கேட்கவில்லை. தேத்தண்ணி குடிக்கச் சொல்கிறார். அவள் குடிக்காமல் வாசலுக்கு வந்து, அந்த வீட்டில் கேட்டுப் பழகிய தமிழில் ‘போட்டு வாறன்’ என்கிறாள். படம் முடிகிறது.

அச்சோல் ஆங்கிலத்தில் அர்த்தம் கேட்டாள். போய்விட்டுத் திரும்பி வருகிறேன் என்று அர்த்தம் என்றாள் தாட்சாயினி.

“இவள் எதற்குத் திரும்பி வரவேண்டும்?”

“அது வழக்கம். ‘போறன்’ என்று எங்கள் ஆட்கள் சொல்லவே மாட்டார்கள், அபசகுனம். செத்தவர்தான் திரும்பி வராமல் போவார்.”

“அப்படியென்றால் அதைத்தான் சொல்வேன்.”

தாட்சாயினிக்குச் சுருக்கென்றது. தமிழ்ச் சனம் நிறைந்த அரங்கில் என்ன நடக்கும் என்று அவளுக்குத் தெரியாதா? பாவம், ஆப்பிரிக்கப் பிள்ளை தமிழைப் பிழையாகச் சொல்லிவிட்டது என்று சிரிப்பார்கள். படத்தின் உயிரே போய்விடும். அதை ஒளிக்காமல் சொன்னாள். அச்சோல் அசையவில்லை. திருட்டுப் பழி சுமந்தவள் வாசலில் நின்று திரும்பி வருகிறேன் என்றால், இத்தனை வருடம் தான் வேண்டாமென்று தள்ளிய அதே வேடம்தானே இது என்றாள். கடைசியில் ஒத்துப்போனார்கள்: அவள் சொல்கிறபடி ஒரே ஒரு டேக். படப்பிடிப்பில் நிற்கிற யாராவது சிரித்தால் பழைய வசனம்.

வீட்டுக்காரராக நடித்த கணேசலிங்கம் அங்கிளிடம் இதைச் சொல்ல ஒருவருக்கும் தோன்றவில்லை.

கமரா ஓடியது. அச்சோல் சப்பாத்தை மாட்டிக்கொண்டு நிமிர்ந்தாள்.

“போறன்.”

அங்கிளுக்கு நடிப்பு, கமரா எல்லாம் மறந்துபோயிற்று. சற்றுமுன் கள்ளி என்று கத்தும்போது கூசாத மனுசன் இந்த ஒரு சொல்லுக்குப் பதறிவிட்டார்.

“ஐயோ பிள்ளை, போறன் எண்டு சொல்லக்கூடாது! போட்டு வாறன் எண்டு சொல்லும்.”

யாரும் எழுதாத வசனம். ‘கட்’ என்று சொல்ல வாயெடுத்த தாட்சாயினி அடக்கிக்கொண்டாள். அச்சோலுக்கு அவர் தமிழ் முழுதாகப் புரியவில்லை. தன்னைத் திருத்துகிறார் என்பது மட்டும் நன்றாகப் புரிந்தது. அவர் கண்ணை நேராகப் பார்த்து, பிழையாகச் சொல்கிறாள் என்று இனி எவரும் நினைக்க முடியாதபடி, நிறுத்தி நிதானமாகச் சொன்னாள்.

“போறன்.”

ஒருவரும் சிரிக்கவில்லை.