மோட்டர் பக்கம் போனவர்

செய்தி வந்தபோது மணி இரண்டே கால். கோர்ட்டில் பணம் கட்டும் ஜன்னலைச் சாப்பாட்டு நேரத்துக்காக மூடியிருந்தார்கள். வரிசையில் அக்காதான் முதல் ஆள். மீதி அபராதம் முழுவதும் அவள் கைப்பைக்குள் இருந்தது. கட்டி ரசீதைக் காட்டினால் அத்தானைச் சாயங்காலமே வெளியே விட்டுவிடுவார்கள் என்று வக்கீல் சொல்லியிருந்தார். என் போன் அடித்தது. ஜெயில் ஆஸ்பத்திரியிலிருந்து பேசினார்கள். நெஞ்சு வலி என்றார்கள், காப்பாற்ற முடியவில்லை என்றார்கள். அக்காவிடம் எப்படிச் சொல்வது என்று நான் திணறிக்கொண்டிருக்கும்போதே ஜன்னல் திறந்தது.

அத்தான் தண்ணீர் மோட்டர் ரிப்பேர் பார்ப்பவர். ஓடுகிற மோட்டரின் மேல் ஸ்க்ரூடிரைவர் நுனியை வைத்து, அதன் பிடியைக் காதில் ஒட்டிக்கொண்டு கண்ணை மூடுவார். அதனால் தெருவில் அவருக்கு டாக்டர் என்று பெயர். "பொண்டாட்டி பக்கத்துல நின்னு கத்தினாலும் காது கேக்காது. மூணு தெரு தள்ளி ஒரு மோட்டர் முனகினாப் போதும், சோத்துத் தட்டை வெச்சிட்டு ஓடுவாரு" என்பாள் அக்கா. நான் காலேஜ் முடித்த நாளிலிருந்து அத்தானுக்கு நான் பட்டதாரி. "என்ன பட்டதாரி, உன் படிப்புல ஃபுட் வால்வு வருதா?" என்று கேட்டுவிட்டு அவரே சிரித்துக்கொள்வார்.

அவர் கோர்ட்டுப் படி ஏறியது ஒரு பூட்டினால். மூன்று மாடி வாடகைக் கட்டடம் ஒன்றில் குடியிருப்பவர்களைக் கிளப்ப நினைத்த சொந்தக்காரர், மோட்டர் அறையைப் பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டு போய்விட்டார். பெண்கள் மாடிக்குக் குடம் சுமந்தார்கள். "டாக்டரே, புள்ளைங்க குளிக்காமப் பள்ளிக்கூடம் போகுதுங்க. ஏதாவது பண்ணுங்களேன்" என்று வந்து நின்றார்கள். அத்தான் போய்ப் பூட்டை ரம்பத்தால் அறுத்து மோட்டரைப் போட்டுவிட்டார். அத்துமீறி நுழைந்தது, சேதம் விளைவித்தது என்று வழக்கு வந்தது.

"நீங்கதான் அறுத்தீங்களா?" என்று மாஜிஸ்திரேட் கேட்டார்.

"ஆமாங்கம்மா. நல்ல மோட்டர். ஓடாமக் கெடந்தா ஜாம் ஆயிடும்" என்றார் அத்தான். வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார்.

அபராதம், கட்டத் தவறினால் இரண்டு மாதம் சிறை. கட்டுவதற்கு ஒரு மாத அவகாசம் கொடுத்தார்கள். "பணத்தைப் பத்தி நீங்க மூச்சு விடக் கூடாது. வீட்டுக்கு இவ்வளவுன்னு போட்டு நாங்க குடுத்திடறோம்" என்று கட்டடத்துக்காரர்கள் வாக்குக் கொடுத்தார்கள். பிறகு சொந்தக்காரரோடு ஒவ்வொருவராகச் சமாதானமாகிவிட்டார்கள். படிக்கட்டில் அத்தானைக் கண்டால் போனைக் காதில் வைத்துக்கொண்டார்கள். பாதியை அத்தான் தன் கைக்காசில் கட்டினார். மீதிக்கு இன்னும் ஒரு மாதம் கேட்டு வக்கீல் மனு போட்டார். ஒரு பெரிய குடியிருப்பில் மோட்டர் வேலை கிடைத்திருந்தது. அந்தக் கூலி வந்ததும் அடைத்துவிடலாம் என்பது கணக்கு.

"பேரைக் கூப்பிடும்போது ஆள் எதிர்ல நிக்கணும், அது ஒண்ணுதான். நின்னா அந்தம்மா குடுத்திடுவாங்க" என்று வக்கீல் அடித்துச் சொல்லியிருந்தார்.

மனு விசாரணைக்கு வந்த அன்று நாங்கள் மூவரும் கோர்ட்டில் பின் பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். திடீரென்று அத்தான் தலையைச் சாய்த்துச் சுவர்ப் பக்கம் காதைக் கொடுத்தார்.

"பின்னாடி மோட்டர் தண்ணியில்லாம ஓடுது. வெறும் காத்தை இழுக்குது. இப்படியே விட்டா உள்ள காயில் கம்பி கருகிடும்."

"கருகட்டும். உக்காருங்க" என்றாள் அக்கா.

"நிறுத்திட்டு மட்டும் வந்திடறேன். நம்ம முறைக்கு இன்னும் நேரமிருக்கு."

நேரமிருக்கத்தான் செய்தது. ஆனால் முன்னால் இருந்த வழக்குகளில் வக்கீல்கள் வரவில்லை. ஒவ்வொன்றாக வாய்தா போட்டுத் தள்ளினார்கள். அத்தானின் பெயரைக் கூப்பிட்டார்கள். நான் பின்பக்கம் ஓடினேன். வாசலைத் தாண்டும்போது உள்ளே அக்காவின் குரல் கேட்டது: "இங்கதாம்மா இருக்காரு. மோட்டர் பக்கம் போயிருக்காரு."

கோர்ட்டே சிரித்தது.

அத்தான் நிறுத்திவிட்டு மட்டும் வரவில்லை. உறிஞ்சு குழாயின் இணைப்பில் காற்று புகுந்துகொண்டிருந்தது. சட்டைப் பையில் எப்போதும் வைத்திருக்கும் சைக்கிள் ட்யூப் துண்டை அங்கே இறுகச் சுற்றி, பம்புக்குள் தண்ணீர் ஊற்றி, மறுபடி ஓடவிட்டிருந்தார். "வாஷர் போயிடுச்சு. இது சும்மா இப்போதைக்கு. புதுசு வாங்கியாந்து போட்டுத் தர்றேன்" என்று வாட்ச்மேனிடம் சொல்லிக்கொண்டிருந்தவரை இழுத்துக்கொண்டு வந்தேன். அதற்குள் மனு தள்ளுபடியாகியிருந்தது.

ஈரக் கையும் மடித்த சட்டையுமாக நின்றவரை மாஜிஸ்திரேட் ஏறிட்டுப் பார்த்தார். "ஏற்கெனவே ஒரு தடவை அவகாசம் குடுத்தாச்சு. கூப்பிட்டா ஆள் இல்லை. உத்தரவு போட்டுட்டேன்" என்றார். கோபமே இல்லாமல் சொன்னார். கோபமாகச் சொல்லியிருந்தால் ஆறுதலாக இருந்திருக்கும்.

கூட்டிப்போக வந்த போலீஸ்காரர் நல்ல மனிதர். "கையைக் கழுவிக்குங்க" என்று வராந்தாக் குழாயைக் காட்டினார். குழாய் கொஞ்சம் இருமிவிட்டு, பிறகு தாராளமாகக் கொட்டியது.

அடுத்த வாரம் ஜெயிலில் கம்பி வலைக்கு அந்தப் பக்கம் நின்று அத்தான் முதலில் கேட்டது இதைத்தான்: "பட்டதாரி, அந்த வாஷரை வாங்கிடு. கடையில அளவு சொன்னாக் குடுப்பான். ட்யூப் ரொம்ப நாள் தாங்காது. வெளிய வந்ததும் போட்டுக் குடுத்திடலாம்."

"உங்களை உள்ள வெச்ச மோட்டருக்கு இன்னும் வைத்தியமா?" என்று அக்கா வெடித்தாள்.

"மோட்டர் என்னடி பண்ணும்?" என்றார்.

லேசாக மூச்சு வாங்கியதைப் பார்த்தோம். மாடிப்படி ஏறி வந்ததால் என்று சொன்னார். அக்கா வளையல்களை விற்று மீதியைப் புரட்டினாள். அதை எடுத்துக்கொண்டு வந்து, திறந்த ஜன்னல் முன்னால் போய் நின்றாள்.

"யாரும்மா அடுத்தது? சீக்கிரம்" என்றார் உள்ளே இருந்தவர்.

நான் அக்காவின் தோளைத் தொட்டுச் சொன்னேன். அவள் அழவில்லை. ஜன்னலுக்கு உள்ளே இருந்தவரிடம் கேட்டாள்: "ஆளே போயிட்டாரு. இனிமேயும் கட்டணுமா?"

அவர் முகம் மாறியது. ஆனாலும் வேலையில் இருப்பவர். "ஆள் போனாலும் அபராதம் போகாதும்மா. சொத்து எதுனா இருந்தா அதுலேருந்து வசூல் பண்ணலாம்னு இருக்கு" என்றார். பிறகு குரலைத் தாழ்த்தி, "இப்ப முடியலைன்னா அவகாசம் கேட்டு ஒரு மனு போடுங்களேன்" என்றார்.

"யாருக்கு அவகாசம்?" என்றாள் அக்கா. கைப்பையைத் திறந்து பணத்தை எடுத்து ஜன்னலுக்குள் தள்ளினாள். அவர் ரசீதில் அத்தானின் பெயரை எழுதி, சீல் வைத்துக் கொடுத்தார்.

அத்தானை எடுத்த அன்று கட்டடத்துக்காரர்கள் எல்லோரும் வந்திருந்தார்கள். தங்கமான மனுஷன் என்றார்கள். போகும்போது ஒரு அம்மா என்னைத் தனியே கூப்பிட்டு, இனிமேல் மோட்டர் நின்றுபோனால் யாரைக் கூப்பிடுவது என்று கேட்டார். தெரியாது என்றேன்.

வாஷரை அத்தான் சொன்ன மறுநாளே வாங்கிவிட்டேன். என் மேசை இழுப்பறையில் காகிதப் பொட்டலத்தோடு இருக்கிறது. கோர்ட்டு மோட்டரில் இன்னும் அந்த ட்யூப் துண்டுதான் சுற்றியிருக்கிறது.