'நோக்கம்' என்ற கட்டத்தில் அவள் எழுதியது

என் மேசை இழுப்பறையில் ஒரு சிவப்புப் பென் டிரைவ் இருக்கிறது. அதில் ஒரு கொரிய வேடிக்கை நிகழ்ச்சி. பாட்டுக் குழுவைச் சேர்ந்த ஏழு பையன்கள் கண்ணைக் கட்டிக்கொண்டு நூடுல்ஸ் சாப்பிடுகிறார்கள். கீழே வியட்நாமிய எழுத்துகள் ஓடுகின்றன. நாற்பத்தோராவது நிமிடத்தில் எழுத்துகள் நின்றுவிடுகின்றன.

ஒரகடத்தில் ஒரு கொரிய உதிரிபாகத் தொழிற்சாலையில் நிர்வாக அதிகாரியாக இருந்தேன். எந்தப் படிவம் எந்த மேசைக்குப் போகும் என்று என்னைத்தான் கேட்பார்கள். அதில் எனக்குக் கர்வமும் உண்டு. 2013-இல் வியட்நாம் கிளையிலிருந்து பத்துப் பேர் பயிற்சிக்கு வந்தார்கள். கூடவே கொரிய மொழி தெரிந்த மொழிபெயர்ப்பாளராக ஒரு பெண். ஆறு மாதம் ஒழுங்காக முடித்தால் ஊரில் அவளுக்கு நிரந்தர வேலை. உற்பத்தி லைனில் இருந்த திருநெல்வேலிப் பெண்கள் அவளுக்குத் தமிழ் கற்றுக்கொடுத்திருந்தார்கள். "சார், சாப்டியாலே?" என்று மிகுந்த மரியாதையோடு என்னைக் கேட்பாள்.

விடுதியில் ஓயாத மின்வெட்டு. அதனால் ஷிஃப்ட் முடிந்ததும், இரண்டாவது கம்பெனி பஸ் வரும்வரை, எங்கள் பயிற்சி அறையில் உட்கார்ந்து அந்த நிகழ்ச்சிக்குத் திரையின் அடியில் ஓடும் வியட்நாமிய வசனம் எழுதுவாள். ஒரு வரி கேட்பாள், நிறுத்துவாள், அது தொடங்கும் நொடியையும் முடியும் நொடியையும் குறித்துக்கொள்வாள், மறுபடி ஓடவிடுவாள். எட்டிப் பார்த்த வாசல் காவலர் என்னிடம் வந்தார். "இன்னா சார் அந்தப் பொண்ணு, தன்னால சிரிச்சிகினு கீது?"

விசாரித்தேன். இப்படி மொழிபெயர்த்து இணையத்தில் போடும் நான்கு பேர் குழுவில் அவளும் ஒருத்தி. யாருக்கும் சம்பளம் கிடையாது. பிறகு ஏன் நிகழ்ச்சி வந்த ஒரே நாளில் முடிக்க வேண்டும் என்று கேட்டேன். தாமதித்தால் ஜனங்கள் இன்னொரு குழுவின் மட்டமான மொழிபெயர்ப்பைப் பார்த்துவிடுவார்களாம். அவள் அம்மாவும் பார்க்கிறாளாம். எழுதுவது மகள் என்று தெரியாமல், எந்த இடத்தில் சிரித்தேன் என்று தொலைபேசியில் மகளுக்கே விவரிப்பாளாம்.

எனக்குப் பிடித்துப்போயிற்று. எனக்கு ஒன்று பிடித்துப்போனால் அதை முறைப்படுத்திவிடுவேன். பயிற்சி அறையைப் பயன்படுத்த அனுமதி விண்ணப்பம் எழுதச் சொன்னேன். காவலர் தலையில் அடித்துக்கொண்டார். "யாரும் கேக்கலியே சார், நீங்களா இன்னாத்துக்கு எழுதிக் குடுக்க சொல்றீங்க?"

'நோக்கம்' என்ற கட்டத்தில் உள்ளதை உள்ளபடி எழுது என்றேன். எழுதினாள்: நிகழ்ச்சியின் பெயர், குழுவின் பெயர், எத்தனை வாரமாக, தினம் எவ்வளவு நேரம். முத்திரை குத்தி மேலே அனுப்பினேன்.

மேலிடம் அதை ஒப்புதல் வாக்குமூலமாக எடுத்துக்கொண்டது. உரிமையில்லாத காணொளி, அனுமதியில்லாத இணையம், கீழே அவள் கையெழுத்து. விளக்கம் கேட்கும் கடிதத்தை நானே தட்டச்சு செய்தேன். பதிவான விண்ணப்பத்தைத் திரும்பப் பெற முடியுமா என்று விதிப்புத்தகத்தை இரண்டு முறை புரட்டினேன். முடியாது. அந்த விதியை எழுதியவனே நான்தான். கொரிய இயக்குநரிடம் போய்க் கெஞ்சினேன். அவரும் அந்த நிகழ்ச்சியை விரும்பிப் பார்ப்பவராம். சொல்லிக்கொண்டே திருப்பி அனுப்பும் உத்தரவில் கையெழுத்துப் போட்டார். ஊரில் வேலையும் இல்லை என்பது அதன் கடைசி வரி.

விமான நிலையத்துக்குக் கார் வந்து நின்றபோது பென் டிரைவைக் கொடுத்தாள். "பாதிதான் முடிஞ்சிது சார். நீ பாருலே."

ஓய்வு பெற்றபின் சில மாலைகளில் அதை ஓடவிடுகிறேன். எனக்குக் கொரிய மொழியும் தெரியாது, வியட்நாமிய மொழியும் தெரியாது. எழுத்து நின்ற சற்று நேரத்தில் ஒரு பையன் கண்கட்டை அவிழ்த்து ஏதோ சொல்கிறான். மற்ற ஆறு பேரும் விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள். அவன் சொன்னதை அவள் அம்மா இன்னொரு குழுவின் மொழிபெயர்ப்பில் படித்திருப்பாள்.