நடுவில் நட்டிருந்த குழாய்

இது நடந்தது இரண்டு வருஷத்துக்கு முன்னால், ஓர் ஆடி அமாவாசை அன்று. இடம், திருநெல்வேலியை ஒட்டித் தாமிரபரணிக் கரையில் இருக்கிற ஒரு படித்துறை.

என் வீட்டுக்காரர் லோடு ஆட்டோ ஓட்டியவர். நாங்குநேரிப் பக்கம் ஒரு விபத்தில் முதுகுத்தண்டில் அடிபட்டு, இடுப்புக்குக் கீழே உணர்ச்சியே இல்லாமல் போய்விட்டது. அவர் ஆஸ்பத்திரியில் கிடந்தபோதுதான் என் மாமியாரும் போய்ச் சேர்ந்தார்கள். அம்மாவுக்குக் கடைசி மகன் கொள்ளி வைக்க வேண்டும். கடைசி மகன் இவர். வைத்தது இவருடைய அண்ணன். அந்த வருத்தம் அவரை அரித்துக்கொண்டே இருந்தது. கால் போனதைக்கூட அவர் அவ்வளவு பேசியதில்லை.

அந்த ஆடிக்குக் கொஞ்சம் முன்னால் படித்துறையை ஒட்டிப் புதுசாக நடைபாதை போட்டிருந்தார்கள். படிக்கட்டுக்குப் பக்கத்திலேயே தண்ணீர் வரைக்கும் சாய்வாக ஒரு பாதை, இரண்டு பக்கமும் பிடித்துக்கொள்ளக் கம்பி, வீல்சேர் படம் போட்ட போர்டு வேறு. இவருடைய அண்ணன் செல்போனில் படம் எடுத்து வந்து காட்டினார். இவர் அதைப் பெரிசாக்கிப் பெரிசாக்கிப் பார்த்தார்.

"அப்ப யாரும் என்னத் தூக்க வேண்டாம்லா? நானே உருட்டிப் போயி எங்கம்மைக்கு எள்ளும் தண்ணியும் விட்டுட்டு வந்துருவேன்" என்றார்.

அன்றிலிருந்து தினமும் சாயங்காலம் தெருவில் வீல்சேரை உருட்டிப் பழகினார். உள்ளங்கைத் தோல் உரிந்துபோயிற்று. தேங்காய் எண்ணெய் தடவிவிட்டால், நாளைக்கு இன்னும் கொஞ்ச தூரம் போகணும் என்பார். விபத்துக்குப் பிறகு அவர் முகத்தில் சிரிப்பைப் பார்த்தது அந்த நாட்களில்தான்.

அமாவாசை அன்று காலையில் வெள்ளை வேட்டி கட்டி, நெற்றி நிறையத் திருநீறு பூசி, ஆட்டோவில் போய் இறங்கினோம். நடைபாதை வாசலுக்குப் போனோம். வாசலில் வரிசையாக இரும்புக் குழாய் நட்டிருந்தார்கள். பைக் உள்ளே போகக் கூடாதாம். பைக்குகள் என்னவோ வேலி உடைந்த மேட்டு வழியாக ஏறி, உள்ளே ஜம்மென்று நின்றுகொண்டிருந்தன. வீல்சேர்தான் நுழையவில்லை. நேராக விட்டுப் பார்த்தார், சாய்த்துத் திருப்பிப் பார்த்தார். சக்கரம் குழாயில் போய் இடித்ததுதான் மிச்சம். அண்ணன் எடுத்த படத்தில் ஆற்றுப் பக்கம்தான் இருந்தது, இந்த வாசல் இல்லை.

குளித்துவிட்டு வந்த நாலு பேர் எங்களைப் பார்த்தார்கள். ஈர வேட்டியோடு ஓடிவந்தார்கள். இவர் வேண்டாம், வேண்டாம் என்று கையை ஆட்டினார். அவர்கள் கூச்சப்படுகிறார் என்று நினைத்துக்கொண்டார்கள்.

"இதுல என்ன அண்ணாச்சி இருக்கு, எங்களுக்கும் புண்ணியந்தான்" என்று சொல்லி, ஆளுக்கொரு மூலையைப் பிடித்து நாற்காலியோடு தூக்கிவிட்டார்கள். தங்கமான மனுஷர்கள். அவர்களை நான் எப்படிக் குறை சொல்வேன்? படிக்கட்டில் நின்ற கூட்டம் சட்டென்று ஒதுங்கி வழிவிட்டது. தண்ணீருக்குப் போய்ச் சேருகிற வரைக்கும் இவர் கண்ணைத் திறக்கவே இல்லை. ஐயர் சொன்ன மந்திரம் எதுவும் இவர் காதில் விழுந்த மாதிரித் தெரியவில்லை. எள்ளும் தண்ணீரும் விட்டார். திரும்பவும் அதே நாலு பேர் தூக்கி வந்து ஆட்டோ பக்கத்தில் வைத்தார்கள். நான் கும்பிட்டேன். இவர் குனிந்தே இருந்தார்.

ஆட்டோ பாலம் ஏறும்போதுதான் வாயைத் திறந்தார்.

"நாலு பேரு தூக்குதது எல்லாருக்கும் ஒரு தடவதான். எனக்கு இன்னைக்கே ரெண்டு தடவ ஆயிப்போச்சு."

நான் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டேன்.

மறுவாரமே அந்தப் பாதையைப் போட்டவர்களின் ஆபீசுக்குப் போய்ச் சண்டை போட்டேன். பைக் உள்ளே வராமல் இருக்கத்தாம்மா வைத்தோம், பார்க்கிறோம் என்றார்கள். இவர் அதற்கப்புறம் வீல்சேரைத் தொடவில்லை. வாசற்படிக்கு அந்தப் பக்கம் போகவில்லை. படுத்தே கிடந்து படுக்கைப்புண் வந்து, காய்ச்சல் கண்டு, தை மாதம் போய்விட்டார்.

அஸ்தி கரைக்க எங்கள் பக்கம் பெண்கள் போவதில்லை. நான் போனேன். எவரும் தடுக்கவில்லை. அதே வாசல்தான். நடுவில் இருந்த குழாயை மட்டும் அறுத்து எடுத்து, அந்த இடத்தில் சிமெண்ட் பூசியிருந்தார்கள். வீல்சேர் தாராளமாகப் போகும். என் கையில் அஸ்திச் சட்டிதான் இருந்தது.

இப்போதும் எந்த ஊரில் புதுப் பாதை போட்டிருந்தாலும், அதன் அழகெல்லாம் என் கண்ணில் படுவதில்லை. வாசலில் நின்று இரண்டு கையையும் விரித்து, அவர் நாற்காலி இதில் போகுமா என்றுதான் அளந்து பார்க்கிறேன்.