அக்கா அழ மறுத்த அத்தியாயம்

சும்மா சொல்லக்கூடாது, என் அக்காவைப் போல அழுவதற்கு இந்த ஊரில் ஆள் கிடையாது. கண்ணில் ஒரு சொட்டுத் தண்ணீர் வராது. ஒரு கை அதுபாட்டுக்கு முழங்காலைச் சொறிந்துகொண்டிருக்கும். ஆனால் குரலை மட்டும் கேட்டால், பிள்ளையைப் பறிகொடுத்தவள் பக்கத்தில் உட்கார்ந்து அழுகிறாள் என்றே நினைப்பீர்கள்.

தம்பிக்காரன் அக்காவைத் தலையில் தூக்கி வைத்து ஆடுகிறான் என்று நினைத்தால் நினைத்துக்கொள்ளுங்கள், எனக்கொன்றும் வெட்கமில்லை. நான் ஒலிப்பதிவுக்காரன். கதைப் புத்தகங்களை வாசிக்கவைத்துப் பதிவு செய்து பள்ளிக்கூடங்களுக்கும் கைபேசிகளுக்கும் அனுப்புகிற கம்பெனியில் வேலை. கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் மைக் முன்னால் அக்கா. வீட்டில் தன் இரண்டு பிள்ளைகளுக்கும் அவள் கதை படித்துக் காட்டுவதை வருஷக்கணக்காகக் கேட்டுவிட்டு, நான்தான் அவளைக் கையோடு இழுத்து வந்தேன். இப்போது கம்பெனியில் அவளுக்குப் பெயர் ‘அழுகாச்சி அக்கா’. எந்தக் கதையில் எந்தத் தாய் அழுதாலும் அந்தப் புத்தகம் அவளிடம்தான் வரும்.

பதிவு அறை ரொம்பச் சின்னது. சுவர் நான்கிலும் கறுப்புப் பஞ்சு ஒட்டியிருக்கும். பதிவு ஓடும்போது ஏசியை நிறுத்திவிடுவேன், இல்லாவிட்டால் அதன் முனகல் மைக்கில் ஏறிவிடும். அக்கா வளையலைக் கழற்றி என் மேஜைமேல் வைப்பாள். வயிறு சத்தம் போட்டு மானத்தை வாங்காமலிருக்க, மடியில் ஒரு தலையணையை அணைத்துக்கொண்டு உட்காருவாள். வாசிப்பில் தப்பு வந்தால் ஒரு தடவை கை தட்டிவிட்டு வாக்கியத்தை முதலிலிருந்து படிக்க வேண்டும், அதுதான் எங்கள் வழக்கம். தட்டின சத்தம் என் திரையில் ஊசி மாதிரி எழும்பி நிற்கும். அதைப் பார்த்து நான் வெட்டுவேன். சில பேர் வாசித்தால் திரை முழுக்க ஊசியாக நிற்கும். அக்கா வாசித்தால் தேடித்தான் பிடிக்க வேண்டும்.

அப்படிப்பட்டவளிடம்தான் அந்தப் புத்தகம் வந்தது. பள்ளிப் பிள்ளைகளுக்காக எழுதிய நாவல். பதினைந்து வயதுத் திருநங்கை ஒருத்தியின் கதை. எந்தப் புத்தகம் வந்தாலும் முதலில் நான் படித்துப் பார்ப்பேன். இதைப் படித்ததும் எனக்குக் கோபம் மூக்குக்கு மேல் வந்துவிட்டது. அந்தப் பெண் தான் யாரென்று வீட்டில் சொல்கிறாள், அம்மா அழுகிறாள். அப்பா அடித்துத் துரத்துகிறார், அம்மா அழுகிறாள். இவள் மழையில் நனைந்துகொண்டே போகிறாள். கடைசியில் மேடையேறிப் பெரிய பரிசு வாங்குகிறாள், முன்வரிசையில் உட்கார்ந்து அம்மா மறுபடியும் அழுகிறாள். இத்தனை பக்கத்தில் அந்தப் பிள்ளைக்கு ஒரு வேளைகூடப் பசிக்கவில்லை. ஒரு இடத்திலாவது வாய்விட்டுச் சிரிக்கவில்லை. அடுத்தவர்களை அழவைப்பதைத் தவிர அவளுக்கு வேறு வேலையே கொடுக்கவில்லை.

எனக்கு ஏன் இவ்வளவு பொத்துக்கொண்டு வருகிறது என்றால், எங்கள் வீட்டிலும் ஒரு திருநங்கை இருக்கிறாள். அக்காவின் மூத்த பிள்ளை. பெரியவள் என்றுதான் வீட்டில் எல்லோரும் கூப்பிடுவோம். மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை. யார் முகத்தில் கண்ணாடி கோணலாக இருந்தாலும் அவளுக்குக் கை சும்மா இருக்காது, பிடுங்கிச் சரிசெய்துதான் திருப்பிக் கொடுப்பாள். சின்னவளோடு சீப்புக்குச் சண்டை போடுவாள். மாமா, மாமா என்று என்னைச் சுற்றிவந்து என் பைக்கை எடுத்துப் போய், பெட்ரோல் தீர்ந்த பிறகு கொண்டுவந்து விடுவாள். மழையில் அவள் நனைந்து நான் பார்த்ததில்லை. குடையை மறந்தால் கடையிலிருந்து என்னைத்தான் போன் போட்டுக் கூப்பிடுவாள், நான்தான் நனைந்துகொண்டு போவேன்.

“அக்கா, இத வேண்டாம்னு சொல்லிடலாமா?” என்று கேட்டேன்.

“ஏன்டா, கதைன்னா நாலு விதமாத்தான் இருக்கும். படிச்சுப் பாப்போம்” என்றாள்.

முதல் நாள் ஒழுங்காகத்தான் போனது. இரண்டாம் நாள், மகள் தாயிடம் விஷயத்தைச் சொல்கிற அத்தியாயம். ‘அம்மா சுவரில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதாள்’ என்ற வரிக்கு அக்கா வந்தாள். கை தட்டினாள். மறுபடி படித்தாள், மறுபடி தட்டினாள். என் திரையில் வரிசையாக ஊசி எழும்பியது.

அவள் காதிலிருக்கும் ஹெட்போனுக்குப் பேசுகிற பட்டனை அழுத்தி, “என்னக்கா, தண்ணி வேணுமா?” என்றேன்.

“தண்ணி கெடக்கட்டும். இவ ஏன்டா செவுத்தப் பாத்து அழுவுறா? பிள்ள பக்கத்துலயே நிக்குது. பயந்துபோய் நிக்குது. அது மூஞ்சிய ஒரு தடவ பாக்க மாட்டாளா?”

“கதைல அப்படித்தான் எழுதியிருக்கு.”

“எழுதியிருக்கு சரி. எனக்கு வரல.”

மேனேஜருக்கு எப்படித்தான் மூக்கு வியர்த்ததோ, வந்து நின்றுவிட்டார். நல்ல மனுஷன்தான், அவசரம் மட்டும் அதிகம். “அழுகாச்சி அக்காவுக்கே அழுகை வரலையா?” என்று சிரித்தார். அக்கா சிரிக்கவில்லை என்றதும் அவருக்குச் சுருதி இறங்கியது. “இந்தப் புத்தகம் எல்லாப் பள்ளிக்கூடத்துக்கும் போகுதுங்க. அழுறதுக்குத்தான் உங்களக் கூப்பிட்டோம். முடியலன்னா சொல்லிடுங்க, வேற ஆளப் போட்டுக்கறோம். அப்புறம் வர்ற புத்தகங்களும் அவங்களுக்குத்தான் போகும், என்னால ஒண்ணும் பண்ண முடியாது.”

“அழுக வராம இல்ல சார்” என்றாள் அக்கா. “இத எத்தனையோ பிள்ளைங்க கேக்கப்போகுது. அதுல ஒண்ணு என் பெரியவள மாதிரி இருக்கும். வீட்டுல சொல்லலாமா வேண்டாமான்னு தவிச்சுக்கிட்டு இருக்கும். நான் இப்படி அழுதேன்னா, ‘ஐயோ, நம்ம அம்மாவும் இப்படித்தான் அழுவாங்க’ன்னு வாய மூடிக்கும். என் குரலக் கேட்டு ஒரு பிள்ள வாய மூடிக்கணுமா? வேற ஆளப் போடறதுன்னா போட்டுக்கோங்க.”

எனக்கு அந்த நிமிஷம் எழுந்து கை தட்ட வேண்டும்போல் இருந்தது. அந்த அறையில் கை தட்டினால் தப்பு என்று அர்த்தம் ஆகிவிடும் என்பதால் கையைக் கட்டிக்கொண்டேன். மேனேஜர் தலையைச் சொறிந்தார். எழுதியவர் சம்மதிக்காமல் ஒரு வரியைக்கூட மாற்ற முடியாது, நாளைக்கு அவரையே வரச் சொல்கிறேன், நீங்களே பேசிக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டுப் போனார்.

மறுநாள் எழுத்தாளர் வந்தார். சின்ன வயசுப் பெண்தான். மூக்குக்கண்ணாடி ஒரு பக்கம் இறங்கிக்கொண்டே இருந்தது, அதைத் தள்ளித் தள்ளி விட்டுக்கொண்டு பேசினார். நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு கேள்வி கேட்க நான் தயாராக உட்கார்ந்திருந்தேன். அக்கா தன் சங்கடத்தைச் சொல்லி முடித்ததும் அவர் சொன்னார்:

“நான் ஒண்ணும் இட்டுக்கட்டி எழுதலங்க. ஸ்கூல்ல என் பக்கத்துல உக்காந்திருந்த தோழிக்கு நடந்தது. அவங்க அப்பா துரத்தினாரு. அம்மா அழுதாங்க, கதவச் சாத்திட்டாங்க. இப்ப அவ எங்க இருக்கான்னுகூட எனக்குத் தெரியாது. இத எழுதாம நான் வேற என்ன எழுதுறது?”

என் நாலு கேள்வியையும் விட்டுவிட்டு அவருக்குத் தண்ணீர் எடுத்து வைத்தேன். அக்கா நாற்காலியை இழுத்துப் போட்டு அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

“துரத்தினது இருக்கட்டும்மா. மழையும் இருக்கட்டும். நடந்தத மறைக்கச் சொல்ல நான் யாரு? அழாத அம்மாவும் கெடையாது. நானும் அழுதேன், குளிக்கிற ரூம்ல குழாயத் தெறந்து விட்டுட்டு. பிள்ள எதிர்ல அழல. அது பயந்து கெடக்கும்போது நானும் அழுதா, யாரு யாரத் தேத்துறது? உங்க கதைல அந்த அம்மா ஒரே ஒரு தடவ பிள்ளையப் பாக்கட்டும். அவ்வளவுதான் கேக்குறேன்.”

“உங்க பொண்ணு உங்ககிட்ட எப்படிச் சொன்னாங்க?” என்று எழுத்தாளர் கேட்டார்.

அக்கா சொன்னாள். பெரியவளுக்கு அப்போது பதினேழு வயது. மொட்டை மாடியில் இரண்டு பேரும் துவைத்த பெட்ஷீட்டை ஆளுக்கொரு முனையில் பிடித்து முறுக்கிப் பிழிந்துகொண்டிருந்தார்கள். பாதி முறுக்கில் பிள்ளை விஷயத்தைச் சொல்லிவிட்டது. அந்த நேரத்தில் ஏன் சொன்னாய் என்று பிற்பாடு கேட்டதற்கு, “பிழியும்போது சொன்னா நீ கைய விட முடியாதுல்ல, அதான்” என்றதாம்.

“நீங்க என்ன சொன்னீங்க?”

“எனக்கு என்னம்மா சொல்லத் தெரியும். கையும் ஓடல, காலும் ஓடல. ‘முதல்ல நல்லா முறுக்கு, தண்ணி சொட்டுது’ன்னேன். கொடில போட்டு முடிச்சுட்டு, ‘எவ்வளவு நாளா இத மனசுல வெச்சிருக்க’ன்னு கேட்டேன். ஆறாம் கிளாஸ்லேருந்துன்னு சொல்லுது. ‘அடிப்பாவி, இத்தன வருஷமாவா? நான் என்ன புலியா, சிங்கமா’ன்னு கேட்டேன். அது சிரிச்சிடுச்சு. அது சிரிச்சதும் எனக்கும் சிரிப்பு வந்துடுச்சு.”

அக்காவின் வீட்டுக்காரர், என் மச்சான், அவ்வளவு சீக்கிரம் சிரிக்கவில்லை, அதையும் அக்கா மறைக்காமல் சொன்னாள். பள்ளி வேன் ஓட்டுகிறவர், வேனுக்குள்ளேயே சாப்பிட்டு வேனுக்குள்ளேயே உட்கார்ந்திருந்தார். ஒரு மாதத்துக்கு மேல் பெரியவளிடம் ஒரு வார்த்தை கிடையாது. பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை எங்கிருந்தோ டிரில் மெஷின் கொண்டுவந்து, அவள் அறைக் கதவுக்கு உள்பக்கம் தாழ்ப்பாள் போட்டார். “வயசுப் பொண்ணு துணி மாத்துற ரூமுக்குத் தாழ்ப்பாள் இல்லாம எப்படி?” என்று சின்னவளிடம்தான் சொன்னார். பெரியவளுக்குக் கேட்கட்டும் என்றுதான் அவ்வளவு சத்தமாகச் சொன்னார்.

எழுத்தாளர் கண்ணாடியை மேலே தள்ளினார். “இத நான் கதைல எடுத்துக்கலாமா?” என்று கேட்டார்.

சரி, வழி பிறந்தது என்று நான் மூச்சு விடுவதற்குள் அக்கா கல்லைத் தூக்கிப் போட்டாள்.

“என்னக் கேட்டா எப்படிம்மா? அது அவ வாழ்க்க. அவதான் சொல்லணும். வேண்டாம்னு அவ சொன்னா நானும் வீட்டுக்குப் போயிடுறேன், நீங்க வேற ஆளக் கூப்பிட்டு அழவிடுங்க.”

போன் போட்டுக் கூப்பிட்டோம், மத்தியானம் கடையின் சாப்பாட்டு இடைவேளையில் பெரியவள் வந்தாள். கையில் கடித்த வாழைப்பழத்தோடு நுழைந்தாள். விஷயத்தைச் சொன்னோம். அந்த அத்தியாயத்தை வாங்கி நின்றபடியே படித்தாள். அக்கா வளையலை எடுத்து மாட்டினாள், கழற்றினாள், திரும்ப மாட்டினாள். என் அக்கா பயந்து நான் பார்ப்பது அபூர்வம்.

“பாவம்மா இந்தப் பொண்ணு” என்றாள் பெரியவள். “சண்ட போடக்கூட ஆள் இல்ல. பெட்ஷீட்ட எடுத்துக்கோங்க மேடம். ஆனா அவளுக்கு ஒரு தங்கச்சி குடுங்க, சீப்பத் தூக்கிட்டு ஓடுறவளா. அப்புறம் இன்னொண்ணு கேக்கலாமா?”

“கேளுங்க” என்றார் எழுத்தாளர்.

“கடைசில அவ ப்ரைஸ் வாங்கணுமா? எனக்கு யாரும் ஒரு ப்ரைஸும் குடுக்கல. தினமும் கடைக்குப் போறேன், நாலு பேருக்குக் கண்ணாடி மாட்டிவிடுறேன், வீட்டுக்கு வர்றேன், சோறு போடுறாங்க. ப்ரைஸ் வாங்கினாத்தான் சேத்துப்பாங்கன்னா, வாங்காத பிள்ளைங்க எங்க போகும்?”

எழுத்தாளர் குனிந்து அதைக் குறித்துக்கொண்டார். கண்ணாடி மறுபடி மூக்கில் இறங்கியது.

“அதக் கழட்டிக் குடுங்க மேடம், வந்ததுலேருந்து பாத்துட்டே இருக்கேன்” என்று பெரியவள் கையை நீட்டினாள். காதில் மாட்டுகிற கம்பியைக் கட்டைவிரலால் லேசாக வளைத்து, தன் துப்பட்டாவில் துடைத்து, அவர் முகத்தில் அவளே மாட்டிவிட்டாள். “இப்ப நிக்கும்” என்றாள்.

எழுத்தாளர் அந்த அத்தியாயத்தையும் அதற்குப் பிறகு வருவதையும் ஒரு வாரம் உட்கார்ந்து திருப்பி எழுதினார். அப்பா துரத்துவது அப்படியே இருந்தது, மழை இருந்தது. தங்கச்சி வந்தாள், பரிசு போயிற்று. அம்மா பெட்ஷீட்டின் மறுமுனையைப் பிடித்துக்கொண்டு மகளைப் பார்த்தாள், மழையில் அவளைத் தேடிக்கொண்டும் போனாள். பதிவுக்குப் பெரியவள் விடுப்புப் போட்டு வந்து என் பக்கத்தில் நின்றாள்.

அக்கா தலையணையை அணைத்துக்கொண்டு படித்தாள். ஒரு கைத்தட்டு இல்லை. குரல் வெயிலில் காய்ந்த துணி மாதிரி மொடமொடவென்று இருந்தது, ஒரு இடத்தில்கூட நடுங்கவில்லை. ‘முதல்ல நல்லா முறுக்கு, தண்ணி சொட்டுது’ என்ற வரியை அவள் சொல்லும்போது நான் திரையிலிருந்து தலையைத் தூக்கிக் கண்ணாடி வழியாகப் பார்த்தேன். இத்தனை வருஷம் எத்தனையோ தாய்மார்களுக்காக ஒரு சொட்டுக் கண்ணீர் விடாமல் அழுதவளுக்கு, இப்போது அது கன்னத்தில் வழிந்து தாடையிலிருந்து தலையணைமேல் விழுந்துகொண்டிருந்தது. குரலில் அதன் ஈரம் கொஞ்சமும் இல்லை. கேட்கப்போகிற எந்தப் பிள்ளைக்கும் அது தெரியப்போவதில்லை.

பெரியவளும் பார்த்துவிட்டாள். நான் தடுப்பதற்குள் எட்டிப் பட்டனை அழுத்தினாள். அந்தப் பேச்சு பதிவில் ஏறாது, அக்காவின் காதில் மட்டும்தான் விழும்.

“அம்மா, தண்ணி சொட்டுது.”

அக்கா நிமிர்ந்து மகளைப் பார்த்தாள். பார்த்துச் சிரித்துவிட்டாள். அது புத்தகத்தில் இல்லாத சிரிப்பு, மேனேஜர் காதில் விழுந்தால் வெட்டச் சொல்லுவார். வெட்டுகிறவன் நான்தானே. இன்றைக்கும் அந்தக் கதையைப் போட்டுக் கேளுங்கள், மகள் சொல்லி முடித்த இடத்தில் ஒரு அம்மா சிரிப்பது கேட்கும்.